யாருக்கு அழணும்

சுகிர்தாவுக்கு அன்றைக்கு வந்த கோபம், கண்டிக்கு மேலே ஹந்தானை மலைப் பனி முழுவதையும் தலையில் கொட்டினாலும் தணிந்திருக்காது. கட்டுகஸ்தோட்டை வீதியில் ஒரு பேக்கரிக்கு மேல்மாடியில் இருந்த தன் எடிட்டிங் அறையில், கதிரை இருந்தும் உட்காராமல், போனைக் கையில் பிடித்தபடி நின்றாள். கீழேயிருந்து பாண் வேகும் வாசனை வந்துகொண்டிருந்தது. காலையிலிருந்து வெறும் வயிறு என்பதுகூட அவளுக்கு நினைவில்லை.

போனில் ஓடியது அவளே தயாரித்த படத்தின் முன்னோட்டம். யாழ்ப்பாணத்தில் பிறந்து, கைக்குழந்தையாகக் கனடாவுக்குப் போய், அங்கே பாடிப் பேரெடுத்தவன் றமணன். அவன் கண்டியில் நடத்திய இசை நிகழ்ச்சியைத்தான் அவள் படமாக்கியிருந்தாள். முன்னோட்டத்தை வெட்டி ஒட்டியது அவள் அல்ல. நிகழ்ச்சியை ஏற்பாடு செய்த சோதிலிங்கத்தின் கொழும்பு ஆட்கள், படப்பிடிப்பு முடிந்ததும் வாங்கிக்கொண்டு போன பதிவுகளை வைத்து, அவளிடம் ஒரு வார்த்தை கேட்காமல் செய்து, முந்தின நாளே வெளியிட்டும் விட்டார்கள்.

மலையகத்தைப் பற்றி எழுதிய பாட்டை றமணன் கண்ணை மூடிக்கொண்டு பாடுகிறான். மேடை நீலமாகிறது. அடுத்து, திரை நிறைய ஒரு பெண்ணின் முகம். எண்ணெய் வைத்து இறுக்கி வாரிய தலை, பொட்டில்லாத நெற்றி. கண்ணீர் கன்னத்தில் இறங்கி மோவாயில் நிற்கிறது. அதன்மேல் எழுத்து விழுகிறது: ஒரு குரல், ஒரு மலை, ஒரு கண்ணீர்.

அந்த முகம் ஜெயராணியுடையது. சுகிர்தாவின் அண்ணி. செத்துப்போன அண்ணன் திவாகரனின் மனைவி.

றமணன் அந்தப் பாட்டைப் பாடிய நேரத்தில் ஜெயராணி மைதானத்திலேயே இல்லை. ஹந்தானைக்கு ஏறுகிற பஸ்ஸில், பசியோடும் அவமானத்தோடும் உட்கார்ந்திருந்தாள். அவள் அவனை நேரில் பார்த்ததும் கிடையாது. ஆனால் முன்னோட்டத்தின் கீழே உலகத்தில் உள்ள தமிழரெல்லாம் வந்து, தேயிலைக் கொழுந்தெடுக்கும் தாயையே கலங்கடித்த குரல் என்று எழுதிக் குவித்திருந்தார்கள்.

அதோடு போயிருந்தால்கூட சுகிர்தா பல்லைக் கடித்துக்கொண்டிருப்பாள். ஆனால் அன்று காலை, ஹந்தானைத் தோட்டத்தில் ஜெயராணிக்குப் பக்கத்து லயத்தில் இருக்கும் பேச்சியம்மா ஒரு குரல் பதிவு அனுப்பியிருந்தார். பேச்சியம்மா ஒரு செய்தியைச் சொன்னால் அது தோட்டத்தின் மூன்று டிவிஷனுக்கும் போய்ச் சேர்ந்துவிட்டது என்று அர்த்தம். "ஒன் அண்ணி பெரிய ஆளாயிட்டா போ. புருசன் செத்தப்பகூட இப்படித் தேம்பலியே, ஒரு பாட்டுக்காரப் பயலுக்குப் போயி இந்த அழுவ அழுறாளேன்னு சனம் பேசுது. நான் சொல்லல, சனம் சொல்லுது."

சனம் சொல்லுதாம். சனத்துக்கு முதலில் எடுத்துக்கொடுத்த வாய் எது என்று சுகிர்தாவுக்குத் தெரியாதா என்ன. ஆனால் பேச்சியம்மா மேல் வந்த கோபம் சின்னக் கோபம். அவள் சோதிலிங்கத்துக்குப் போன் எடுத்தாள்.

சோதிலிங்கம் கத்துகிற ஆள் அல்ல. கத்தினால் பதிலுக்குக் கத்தலாம். அவர் பாலில் சீனி கரைப்பதுபோல் பேசுவார். முன்னோட்டம் இவ்வளவு ஓடுவது அவளுக்கும் நல்லதுதானே என்றார். அந்த முகத்தை எடுத்துவிடுங்கள் என்று அவள் சொன்னபோது சிரித்தார். படத்தின் உயிரே அந்த முகம்தானாம், றமணனே பார்த்துவிட்டுக் கண் கலங்கினானாம். அது என் அண்ணி, அவங்க அழுதது இந்தப் பாட்டுக்கு இல்லை என்று சுகிர்தா சொன்னாள்.

"கண்ணீர் கண்ணீர்தானே சுகிர்தா," என்றார் அவர். "அது ஆருக்கு வந்ததெண்டு பாக்கிற சனத்துக்குத் தெரியவா போகுது? நீங்கள் இந்தத் தொழில்ல எவ்வளவு காலம் இருக்கிறியள். உங்களுக்கு நான் படிப்பிக்கவோ?"

அந்தக் கடைசிக் கேள்விதான் அவளைச் சுட்டது. ஏனென்றால் அது உண்மை.

ஹந்தானைத் தோட்டத்தின் லயத்து வரிசை வீடொன்றில் பிறந்தவள் சுகிர்தா. பள்ளிக்கூடத்தில் உயர்தரம் முடித்ததும் பேராதனை வீதியில் ஒரு ஸ்டூடியோவில் கவுண்டரில் நின்றாள். மணப்பெண் உடுத்துகிற அறைக்குள் ஆண் கெமராக்காரனை விடமாட்டோம் என்று ஒரு கல்யாண வீட்டில் அடம்பிடித்தார்கள். முதலாளி வேறு வழியில்லாமல் கெமராவை இவள் கையில் கொடுத்தார். கொடுத்ததை அவள் திருப்பிக் கொடுக்கவில்லை. கல்யாணத்திலிருந்து பூப்புனித நீராட்டு, அதிலிருந்து கோயில் கும்பாபிஷேகம், அதிலிருந்து பாட்டு வீடியோ. கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு பைன் மரங்களுக்கு நடுவில் கையை ஆட்டும் சிங்களப் பையன்கள், இரவல் ஜீப்பில் ஏறி நின்று ராப் பாடும் தமிழ்ப் பையன்கள், எல்லாரையும் அவள் எடுத்தாள். பிறகு கெமராவை இன்னொருவர் கையில் கொடுத்துவிட்டுத் தயாரிப்பாளர் ஆனாள். தயாரிப்பாளர் என்றால் சாப்பாட்டுப் பார்சலிலிருந்து பொலிஸ் அனுமதி வரைக்கும் ஓடி, பாடகருக்கு மூக்கு அடைத்தால் இஞ்சித் தண்ணி வைத்துக் கொடுத்து, படம் நன்றாக வந்தால் பெயர் அடியில் பொடி எழுத்தில் ஓடிப்போகிற ஆள். இத்தனை வருஷத்துக்குப் பிறகு, தியேட்டரில் ஓடப்போகிற முழுநீள இசை நிகழ்ச்சிப் படம் இதுதான் அவளுக்கு முதல் தடவை. இது சரியாகப் போனால் சென்னை, சிங்கப்பூர் என்று கதவு திறக்கும் என்று எல்லாரும் சொன்னார்கள். அவளும் நம்பினாள்.

இந்தத் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. இசை நிகழ்ச்சிக்கு வெள்ளைத் துணி போர்த்திய கதிரைகளில் முன்னால் உட்காருகிற பெரிய மனிதர்கள் கை தட்ட மாட்டார்கள். ஆட மாட்டார்கள். போனைப் பார்த்துக்கொண்டு, கொட்டாவியை மறைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். அதைப் படமாக்கினால் யார் பார்ப்பது? அதனால் பகலிலேயே வேறு ஆட்களைக் கொண்டுவந்து, காலி மேடைக்கு முன் நிற்கவைத்து, பாட்டை ஸ்பீக்கர் பெட்டியில் போட்டு, ஆடு, தட்டு, கத்து என்று சொல்லி எடுத்துக்கொள்வார்கள். பிறகு பாடகன் பாடும் காட்சிகளுக்கு நடுவில் இதைச் செருகிவிட்டால் மைதானமே பொங்குகிற மாதிரி இருக்கும். சுகிர்தா இதைப் பல தடவை செய்திருக்கிறாள். அதில் தப்பு இருப்பதாக அவளுக்குத் தோன்றியதே இல்லை.

இந்தத் தடவை ஆட்கள் வேண்டும் என்றபோது, வாடகைக்கு ஆள் பிடிப்பதைவிடத் தன் தோட்டத்து ஆட்களையே கொண்டுவரலாம் என்று நினைத்தாள். மலையகத்தைப் பற்றிப் பாடுகிறான், மலையகத்து ஆட்களே பார்க்கட்டும் என்று. ஒரே நிபந்தனை வைத்தாள். பகலில் எடுத்து முடித்த பிறகு அவர்கள் இருந்து நிகழ்ச்சியைப் பார்த்துவிட்டுத்தான் போவார்கள், நடுப் பகுதியில் அவர்களுக்கு இடம் வேண்டும். சோதிலிங்கம் ஓம் ஓம் என்றார். ஓம் என்று சொல்வதில் அவருக்கு என்றைக்கும் கஞ்சத்தனம் கிடையாது.

ஹந்தானையில் ஒரு வீட்டிலிருந்து அழைப்பு வந்தால் எதற்கு, என்ன என்று கேட்கிற வழக்கம் இல்லை. கூப்பிட்டது நம்ம சுகிர்தா. சனிக்கிழமை வேலையை விட்டுவிட்டு, தேர்த் திருவிழாவுக்குப் புறப்படுவதுபோல் இரண்டு பஸ்ஸில் வந்து இறங்கினார்கள். பெட்டியில் மடித்து வைத்திருந்த சேலைகள், பிள்ளைகளுக்குக் கம்பளிச் சட்டை, பவுடர் பூசிய கன்னங்கள். பேச்சியம்மா பச்சைப் பட்டு உடுத்தி, எந்த இடத்தில் நின்றால் தன் முகம் நன்றாக விழும் என்று இறங்கியதும் விசாரித்தார். ஜெயராணி ஒரு சாம்பல் நிறச் சேலையில் கடைசியாக இறங்கினாள். அவள் வந்ததே பெரிய காரியம். திவாகரன் போன பிறகு அவள் எந்த விசேஷத்துக்கும் போவதில்லை. நாத்தனார் கூப்பிட்டாள் என்பதற்காக வந்தாள்.

பகல் முழுவதும் வெயிலில் நின்று அவர்கள் காலி மேடையைப் பார்த்து ஆடினார்கள். முதலில் வெட்கப்பட்டுச் சிரித்தார்கள். பிறகு பேச்சியம்மா இறங்கி ஆட, எல்லாரும் ஆடினார்கள். அப்படி ஒரு கூட்டத்தை எந்தப் பாடகனும் கனவிலும் கண்டிருக்க மாட்டான். சுகிர்தாவுக்குப் பெருமையாக இருந்தது. அதற்குள் வாசலில் ஏதோ தகராறு என்று அவளைக் கூப்பிட்டார்கள்.

அங்கே போனால், நடுப் பகுதிக் கதிரைகளில் எண்கள் ஒட்டிக்கொண்டிருந்தார்கள். அத்தனையும் விற்றாகிவிட்டது. தோட்டத்து ஆட்களை எங்கே உட்கார வைப்பது என்று அவள் கேட்டபோது, பிந்தி வந்து சேர்ந்த சோதிலிங்கம் அவளுடைய தோளைத் தட்டாத குறையாகப் பேசினார். இரவில் மலைப் பாதை, குளிர், பிள்ளைகள் வேறு இருக்கிறார்கள், அவையளின்ர பாதுகாப்பையும் நாங்கள்தானே பாக்கவேணும் என்றார். எத்தனை கருணை. அவள் கெஞ்சினாள், சண்டை பிடித்தாள், ஓரமாக நின்றாவது பார்க்கட்டும் என்றாள். அந்தச் சண்டை முடிந்து அவள் திரும்பி வந்தபோது படப்பிடிப்பு முடிந்து, பஸ்கள் எஞ்சினைப் போட்டுவிட்டு நின்றன.

ஏறும்போது யாரும் அவளைத் திட்டவில்லை. பேச்சியம்மா மட்டும் படியில் நின்று திரும்பினார். "கூப்பிட்டு, பந்தியில உக்கார வச்சு, எலையையும் போட்டுட்டு, எந்திரிச்சுப் போன்னு சொல்லிட்டியேடி," என்றார். ஜெயராணி ஜன்னலோரம் உட்கார்ந்து முந்தானையால் முகத்தை மூடியிருந்தாள். வெட்கத்தில் மூடியிருக்கிறாள் என்று சுகிர்தா நினைத்தாள்.

அன்று இரவு நிகழ்ச்சி அமோகமாக நடந்தது. சுகிர்தா கெமராக்களுக்குப் பின்னால் நின்று வேலையைச் செய்தாள். விட்டுவிட்டுப் போயிருக்க வேண்டும். போகவில்லை. இப்போது எடிட்டிங் அறையில் நின்றுகொண்டு, சோதிலிங்கத்தின் மேல் வந்த கோபத்தில் பாதி தன்மேல்தான் என்று அவளுக்குத் தெரிந்தது. தெரிந்தும் அது கொஞ்சமும் குறையவில்லை.

அவள் இல்லாத நேரத்தில் அந்த முகத்தை எடுத்தது யார் என்று கேட்க வேண்டியதே இல்லை. ருஷ்தி. அக்குறணைப் பையன், அவளிடமே தொழில் கற்று இன்றைக்கு நல்ல கெமராக்காரனாக இருப்பவன். போன் போட்டதும் அரை மணி நேரத்தில் படியேறி வந்தான். முன்னோட்டத்தை அவனும் பார்த்திருந்தான். முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது.

நடந்ததை அவன் சொன்னான். அவள் வாசலுக்குப் போனதும் சோதிலிங்கம் வந்து, ஆட்டம் போதும், இப்போது சோகப் பாட்டு, இவர்களை அழச் சொல் என்றாராம். ருஷ்தி போய்ச் சொன்னான். அவர்களுக்கு விளங்கவில்லை. சிரிக்கச் சொன்னால் சிரிக்கலாம், ஆடச் சொன்னால் ஆடலாம். அழுகை என்பது அவர்களுக்கு ஒரு ஆளுக்காக அழுவது. ஆள் இல்லாமல் எப்படி அழுவது? ஜெயராணிதான் கேட்டாளாம், யாருக்கு அழணும் தம்பி என்று. அதை அவன் போய் சோதிலிங்கத்திடம் சொன்னான்.

"அவர் என்ன சொன்னாரு?"

ருஷ்தி தரையைப் பார்த்தான். "ஆருக்கெண்டாலும் பரவாயில்ல, கண்ணுல தண்ணி வந்தாச் சரின்னாரு. வீட்டுல செத்தவங்க யாரையாச்சும் நெனச்சுக்கச் சொல்லுன்னாரு. நான் போய்ச் சொன்னேன் அக்கா. மத்தவங்கள பஸ் பக்கம் அனுப்பிட்டு, உங்க அண்ணிய மட்டும் பெட்டிக்குப் பக்கத்துல நிக்க வெச்சேன். அவங்க அழத் தொடங்கினாங்க. பாட்டு முடிஞ்சிட்டு. அவங்க நிப்பாட்டல்ல. நானும் கெமராவ நிப்பாட்டல்ல."

அவன் கெமராவில் பதிவான மூலக் காட்சியைக் கணினியில் போட்டுக்கொடுத்துவிட்டு, ஹெட்போனை அவள் பக்கம் தள்ளினான். முன்னோட்டத்தில் அந்த முகத்துக்கு றமணனின் குரலைப் போட்டிருந்தார்கள். இதில் மைதானத்தின் சொந்தச் சத்தம் இருந்தது.

முதலில் பெட்டியில் போட்ட பாட்டு காதைப் பிளந்தது. அதற்கு அடியில் எங்கேயோ ஒரு முனகல். பாட்டு முடிந்தது. முனகல் தனியாக நின்று, ஒப்பாரியாக எழுந்தது.

"கட்டிக் குடுத்த சோறு கட்டவுக்காமக் கெடக்குதே, மலைக்குப் போன ராசா கையலம்ப வரலியே."

சுகிர்தா கண்ணை மூடிக்கொண்டாள். தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டப் போன திவாகரனைக் குளவிகள் மொய்த்த நாள் அது. சோற்றுப் பாத்திரம் துணிக்கட்டு அவிழாமல் வீட்டுக்குத் திரும்பி வந்தது. ஆளை லொறியில் ஏற்றி மலை இறங்கும் வழியிலேயே எல்லாம் முடிந்துவிட்டது. செத்த வீட்டிலும் ஜெயராணி ராசா, ராசா என்றுதான் அழுதாள். ஹந்தானையில் பெண்கள் புருசன் பெயரைச் சொல்ல மாட்டார்கள். தோட்ட ஆபீஸில், ஆஸ்பத்திரியில், எங்கே கேட்டாலும் பக்கத்தில் நிற்கிறவளைச் சொல்லச் சொல்வார்கள். கட்டிக்கொண்ட நாளிலிருந்து அண்ணி அண்ணனின் பெயரைச் சொல்லி சுகிர்தா ஒரு தடவைகூடக் கேட்டதில்லை.

ஹெட்போனில் அந்தக் குரல் உடைந்தது. "திவாகரா," என்றது. "ஏ திவாகரா. திரும்பிப் பாக்காமப் போனியேய்யா, என் திவாகரா."

சுகிர்தா ஹெட்போனைக் கழற்றி மேசையில் வைத்தாள். என் அண்ணனுக்கு அழுத அழுகை. அதைப் பிடுங்கி ஒருத்தன் பாட்டுக்கு ஒட்டியிருக்கிறார்கள். அதைப் பார்த்துவிட்டு அந்தப் பெண் நடத்தை கெட்டவள் என்று ஊர் பேசுகிறது. சுகிர்தாவுக்கு எதையாவது போட்டு உடைக்க வேண்டும்போல் இருந்தது. உடைக்கக்கூடியதெல்லாம் அவளுடைய சொந்தச் சாமான்கள் என்பதால் உடைக்கவில்லை.

அன்று பின்னேரமே மடிக்கணினியை எடுத்துக்கொண்டு ஹந்தானைக்கு ஏறினாள். பறித்த கொழுந்தை எடை போட்டுவிட்டு வந்த ஜெயராணி, தண்ணீர் விழும் பீலிக்கரையில் கால் கழுவிக்கொண்டிருந்தாள். மற்றப் பெண்கள் அவள் வந்ததும் வாளியைத் தூக்கிக்கொண்டு நகர்ந்தார்கள். அதைச் சுகிர்தா பார்த்தாள். தான் பார்த்ததை அண்ணி பார்த்துவிட்டாள் என்பதும் தெரிந்தது.

வீட்டுக்குள் உட்கார்ந்ததும் சுகிர்தா மன்னிப்புக் கேட்டாள். அந்த முகத்தைப் படத்திலிருந்து வெட்டி எடுத்துவிடுகிறேன், சோதிலிங்கம் என்ன செய்தாலும் சரி, கடைசிப் பிரதி என் கையில்தான் இருக்கிறது என்றாள். ஜெயராணி தேத்தண்ணி ஊற்றினாள். பிறகு அந்தச் சத்தத்தைக் கேட்கலாமா என்றாள்.

ஹெட்போனை மாட்டிக்கொண்டு அவள் கேட்டாள். பெயர் வந்த இடத்தில் சட்டென்று காதைத் தொட்டாள்.

"பேரைச் சொல்லிட்டேனா?"

"சொல்லியிருக்கீங்க அண்ணி."

ஜெயராணியின் குரலில் அழுகை இல்லை. சுகிர்தா தன் கோபம்தான் பெரியது என்று நினைத்துக்கொண்டு வந்திருந்தாள். அண்ணியின் முகத்தைப் பார்த்த பிறகு தன்னுடையது சின்னப் பிள்ளைக் கோபம் என்று தெரிந்தது.

"செத்த வீட்டுல ஒங்கம்மா இருந்தாங்க, ஊரே இருந்துச்சு. பேரைச் சொல்ல முடியல. நெஞ்சுக்குள்ளயே கெடந்துச்சு. அங்க யாரு இருந்தா? நம்ம சனம் பஸ் பக்கம் போயிருச்சு. இருந்தது தெரியாத சனம். பெட்டிச் சத்தம் வேற. யாருக்கும் கேக்காதுன்னு சொல்லிட்டேன்." அவள் ஹெட்போனை மடித்து வைத்தாள். "நீ அதை வெட்டாத சுகி. வெட்டிட்டா, இவ அந்தப் பயலுக்குத்தான் அழுதான்னு ஆயிரும், மறைச்சுட்டாங்கன்னு ஆயிரும். நான் அழுதது இருக்கட்டும். யாருக்கு அழுதேன்னு கேக்கட்டும். அந்த ஐயாவும் கேக்கட்டும், பேச்சி அக்காவும் கேக்கட்டும்."

"பேரோடவா அண்ணி? எல்லாருக்கும் முன்னாலயா?"

"பேரோடதான்."

சுகிர்தா இறங்கி வந்து வேலையைத் தொடங்கினாள். சோதிலிங்கம் பார்ப்பதற்கென்று முதலில் ஒரு பிரதி செய்து அனுப்பினாள். அதில் அந்த முகமும் றமணனின் குரலும் அவருக்குப் பிடித்தபடியே இருந்தன. திருத்தச் சொல்லி ஒன்றும் வரவில்லை. தியேட்டருக்குப் போகிற பிரதியை வேறாகச் செய்தாள். இதற்குப் பிறகு பெரிய ஏற்பாட்டாளர் யாரும் தன்னைக் கூப்பிடப் போவதில்லை என்று அவளுக்கு நன்றாகத் தெரியும். சென்னை, சிங்கப்பூர் எல்லாம் போகட்டும் என்று நினைத்தாள். கை மட்டும் கொஞ்ச நேரம் வேலை செய்ய மறுத்தது. பிறகு செய்தது.

முதற்காட்சி கண்டி டவுனில் உள்ள ஒரு தியேட்டரில், ஞாயிறு காலை. மலையகத்தைப் பற்றிய படம் மலையகத்தில்தான் முதலில் ஓட வேண்டும் என்று சோதிலிங்கம் பத்திரிகைகளுக்குச் சொல்லியிருந்தார். பெரிய மனிதர்களுக்குப் பெல்கனி. சுகிர்தா அதிகாலையிலேயே இரண்டு பஸ்ஸில் தன் ஆட்களைக் கொண்டுவந்து, தியேட்டர் திறந்ததும் பெல்கனியின் நடு வரிசைகளில் உட்கார வைத்துவிட்டாள். வரமாட்டேன் என்ற பேச்சியம்மாவும் வந்திருந்தார். வராமல் விட்டால் என்ன நடந்தது என்று அடுத்தவள் வாயால் கேட்க வேண்டி வருமே.

விருந்தினர்களோடு மேலே ஏறிவந்த சோதிலிங்கத்துக்கு முகம் மாறியது. ஆனால் கூடவே பத்திரிகைக்காரர்கள், கெமராக்கள். மலையக மக்களை மலையகப் படத்திலிருந்து எழுப்பிவிடுவதைப் படம் பிடிக்கட்டும் என்று சுகிர்தா பேசாமல் நின்றாள். அவர் பல்லைக் காட்டிச் சிரித்து, விருந்தினர்களை ஓரங்களில் உட்கார வைத்தார். றமணன் எல்லாருக்கும் கும்பிடு போட்டான். பார்த்தால் நல்ல பையன்தான். தன் பெயரால் என்னென்ன நடக்கிறது என்று கேட்காமல் இருக்கிற அளவுக்கு நல்ல பையன்.

படம் ஓடியது. தங்களையே திரையில் கண்டு பிள்ளைகள் கத்தினார்கள். பேச்சியம்மா ஆடிய இடத்தில் தியேட்டரே விசிலடித்தது. அவர் முந்தானையைச் சரிசெய்துகொண்டார். பிறகு அந்தப் பாட்டு வந்தது. மேடை நீலமானது. றமணன் கண்ணை மூடிப் பாடி முடித்தான். ஜெயராணியின் முகம் திரை நிறைய எழுந்தது.

அந்த இடத்தில் சத்தம் முழுவதும் நின்றது. வாத்தியம் இல்லை, கைதட்டல் இல்லை. காலி மேடையில் கம்பி தட்டுகிற ஒலி, மைதானத்தின் காற்று. அதற்குள்ளிருந்து ஜெயராணியின் குரல் வந்தது. கட்டிக் கொடுத்த சோறு கட்டவுக்காமல் கிடக்கிறதே என்றது. குரல் உடைந்து, திவாகரா என்றது. ஏ திவாகரா, என் திவாகரா என்றது. அடியில் ஒரே ஒரு வரி எழுத்து ஓடியது: ஜெயராணி, தன் கணவர் திவாகரனுக்காக.

பேச்சியம்மாதான் முதலில் அசைந்தார். புருசன் பெயரைச் சொல்லி ஒருத்தி அழுவதை அவர் வாழ்நாளில் கேட்டதில்லை. பக்கத்துக் கதிரையில் விறைப்பாக உட்கார்ந்திருந்த ஜெயராணியின் தோளில் கையைப் போட்டார். போட்ட கையை எடுக்காமல், அவளைத் தன் பக்கம் சாய்த்து, "என் தாயி," என்று தொடங்கினார். ஒருத்தி ஒப்பாரி வைத்தால் மற்றவர்கள் தோளைப் பிடித்துக்கொண்டு சேர வேண்டும். அதுதான் முறை. முன்வரிசையில் இருந்தவள் திரும்பினாள். பின்வரிசையில் இருந்தவள் எழுந்து வந்தாள். பீலிக்கரையில் வாளியைத் தூக்கிக்கொண்டு நகர்ந்தவர்களும் வந்தார்கள். திரையில் முகம் போய், றமணனின் அடுத்த பாட்டு, குத்துப் பாட்டு, தொடங்கியது. அது யாருக்கும் கேட்கவில்லை. பெல்கனி முழுவதும் அழுதது. மாமனுக்கு அழுதார்கள், மச்சானுக்கு அழுதார்கள், திவாகரனுக்கு அழுதார்கள். அத்தனை நாள் ஊமையாக உட்கார்ந்திருந்த ஜெயராணி வாய்விட்டு அழுதாள்.

ஓரத்தில் விருந்தினர்கள் நெளிந்தார்கள். றமணன் தலையைக் குனிந்துகொண்டான். இருட்டில் தடுக்கி விழாத குறையாக சோதிலிங்கம் சுகிர்தா நின்ற கதவோரத்துக்கு வந்தார். அவளுக்குத் தெரிந்த நாளிலிருந்து முதல் தடவையாக அவர் குரலில் சீனி இல்லை. நீ இனி இந்தத் தொழிலில் இருக்க மாட்டாய் என்றார். அது எனக்குத் தெரியும் என்றாள் அவள். அவர் பெல்கனியைத் திரும்பிப் பார்த்தார். பத்திரிகைக் கெமராக்கள் எல்லாம் றமணனை விட்டுவிட்டு அந்தப் பக்கம் திரும்பியிருந்தன.

"நிப்பாட்டச் சொல்லும்," என்றார். "உவையள அழ வேண்டாமெண்டு சொல்லும்."

"அழச் சொன்னது நீங்க," என்றாள் சுகிர்தா. "யாருக்கு அழணும்னு அவங்க அன்னைக்கே கேட்டாங்க. நீங்க சொல்லல. அழுது முடியட்டும், உக்காருங்க."

உட்கார அவருக்கு இடம் இருக்கவில்லை. அவருடைய கதிரையில் பக்கத்து லயத்துப் பெண் ஒருத்தி உட்கார்ந்து, இன்னொருத்தியின் தோளைக் கட்டிக்கொண்டு அழுதுகொண்டிருந்தாள். சோதிலிங்கம் நின்றார். அவர்கள் அழுது முடிக்கும்வரைக்கும் நின்றார்.